பெயரில்லாத முகம்: ஃப்ளாரன்ஸ் லாரன்ஸை எப்படிப் பார்ப்பது

கேள்வி மூன்று பகுதியாக வந்திருக்கிறது. உலகின் முதல் திரை நட்சத்திரம் என்று அமெரிக்க மௌனப்பட நடிகை ஃப்ளாரன்ஸ் லாரன்ஸைச் சொல்வது சரியா? அவர் செத்துப்போனதாகப் பொய்ச்செய்தி பரப்பி விளம்பரம் தேடினார்கள் என்பது உண்மையா? அவருடைய படங்களில் இன்று எதைப் பார்க்க முடியும், பார்த்தால் அவரை எப்படி அடையாளம் காண்பது?

முதலில் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 'முதல்' என்ற பட்டத்துக்கு வலுவான போட்டி உண்டு. பொய்ச்செய்திக் கதையில் உறுதியாக நிற்பது ஒரு விளம்பரமும் ஒரு ரயில் பயணமும்தான். மூன்றாவது கேள்விதான் முக்கியமானது. அவர் பெயர் போடாத படங்கள்தான் பெரும்பாலும் பிழைத்திருக்கின்றன. பெயர் போட்டுப் பெருமையாக வெளியிட்டவை பெரும்பாலும் அழிந்துவிட்டன. அதனால் அவரை அறிய வேண்டுமென்றால் விளம்பரக் கதையை ஓரமாக வைத்துவிட்டு 1908, 1909 ஆண்டுகளில் பயோகிராஃப் என்ற நிறுவனம் எடுத்த படங்களுக்குப் போக வேண்டும்.

அவர் 1886 ஜனவரி 2 அன்று கனடாவின் ஹாமில்டன் நகரில் பிறந்தார். இயற்பெயர் ஃப்ளாரன்ஸ் பிரிட்ஜ்வுட். அப்பா வண்டி கட்டும் தொழில் செய்தவர். அம்மா ஷார்லட், லோட்டா லாரன்ஸ் என்ற பெயரில் ஊர் ஊராகப் போகும் நாடகக் குழு நடத்தினார். 'லாரன்ஸ்' அங்கிருந்து வந்ததுதான். சிறுமியாக இருந்தபோதே அந்த மேடையில் சீட்டியடித்துப் பெயர் வாங்கியவர் ஃப்ளாரன்ஸ். குழு கலைந்த பிறகு அம்மாவும் மகளும் நியூயார்க்கில் நாடக வாய்ப்புத் தேடினார்கள், கிடைக்கவில்லை. 1907இல் வெளிவந்த எடிசன் நிறுவனத்தின் 'டேனியல் பூன்' படத்துக்குக் குதிரை ஏறத் தெரிந்த பெண் தேவைப்பட்டாள். நாளைக்கு 5 டாலர் கூலிக்கு, கடுங்குளிரில், வெட்டவெளியில் எடுத்த படம் அது. பிறகு வைட்டாகிராஃப் என்ற படநிறுவனத்தில் வாரம் 20 டாலர். அங்கே நடிப்பதோடு உடை தைக்கும் வேலையும் சேர்த்துத்தான் சம்பளம். 1908 கோடையில் பயோகிராஃப் 25 டாலர் தருவதாகச் சொன்னது, மாறினார். அங்கே அப்போதுதான் டி. டபிள்யூ. கிரிஃபித் இயக்கத் தொடங்கியிருந்தார்.

பயோகிராஃப் ஸ்டுடியோ நியூயார்க்கில் கிழக்கு 14ஆம் தெரு, 11ஆம் எண் கட்டடத்தில் இருந்தது. பழைய பணக்கார வீடு ஒன்றின் நடனக்கூடம்தான் படப்பிடிப்புத் தளம். வெயிலை நம்பாமல் மின்விளக்கிலேயே எடுத்தார்கள். விளக்குகள் கூப்பர்-ஹெவிட் வகை, அதாவது பாதரச ஆவி நிரப்பிய நீண்ட கண்ணாடிக் குழாய்கள். அந்த ஒளியில் சிவப்பு கிடையாது. தளத்தில் நிற்பவர்களின் முகம் பச்சை பாய்ந்தும் உதடு ஊதாவாகவும் தெரியும். எதிரே நிற்பவரின் முகத்தைப் பார்த்து உணர்ச்சி வரவழைப்பதே சிரமம்.

பிலிமோ சிவப்பை உணராத வகை. நீலத்தை நன்றாக வாங்கும், பச்சையை ஓரளவு வாங்கும், சிவப்பு கறுப்பாகிவிடும். இதன் விளைவு முகத்தில் உடனே தெரியும். மேடைப் பழக்கத்தில் கன்னத்துக்குச் சிவப்புப் பூசினால் திரையில் கன்னம் ஒட்டிப்போய், பத்து வயது கூடிய மாதிரி ஆகிவிடும். உதட்டுச் சாயம் கொஞ்சம் கூடினால் வாய் கறுத்த ஓட்டை. நீலக் கண்கள் வெளிறிப் பார்வையற்றவை போலத் தெரியும். பொன்னிற முடி மங்கிப் பழுப்புப் போல விழும். பளிச்சென்ற வெள்ளைத் துணி ஒளியைச் சிதறடித்து ஓரங்களைக் கரைத்துவிடும். அதனால் அந்தக் காலத்து ஸ்டுடியோக்களில் வெள்ளைச் சட்டையை மஞ்சளிலோ இளஞ்சிவப்பிலோ முக்கி எடுத்து உடுத்துவார்கள். அந்தக் காலப் படம் ஒன்றில் ஒரு நடிகையின் முகம் இயல்பாக இருக்கிறதென்றால், ஒப்பனையை எவ்வளவு குறைக்க வேண்டும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது என்று பொருள்.

அடுத்தது சட்டகம், அதாவது கேமராவுக்குள் விழும் பரப்பு. 1908இல் கேமரா பெரும்பாலும் ஆளின் தலை முதல் கால் வரை காட்டும் தூரத்தில்தான் நின்றது. முகத்துக்குத் தனி ஷாட் அபூர்வம். கேமராவுக்குத் தெரியும் பரப்பின் எல்லையைத் தரையில் குறித்து வைப்பார்கள். அதைத் தாண்டி ஒரு அடி வைத்தால் கையோ காலோ வெட்டுப்படும். கேமராவின் கைப்பிடியை நொடிக்கு இரண்டு சுற்று சுற்றுவது அன்றைய வழக்கம். சுற்றுக்கு 8 பிரேம் (தனித்தனிப் படம்), ஆக நொடிக்கு 16. சுற்றுகிறவர் பதற்றத்தில் வேகமாகச் சுற்றினால் திரையில் நடிகை மெதுவாக நகர்வார். மெதுவாகச் சுற்றினால் பொம்மை மாதிரி துள்ளுவார். நடிகை செய்யும் ஒவ்வோர் அசைவும் இன்னொருவர் கையின் வேகத்தைப் பொறுத்தது.

பிலிம் விலை அதிகம் என்பதால் ஒத்திகை நிறைய, எடுப்பது பெரும்பாலும் ஒரே தடவை. ஒரு ரீல் சுமார் 1,000 அடி, அதற்குள் ஒரு கதை முடிய வேண்டும். பயோகிராஃப் வாரத்துக்கு இரண்டு வெளியீடு அனுப்பிக்கொண்டிருந்தது. கதை எப்படிப் போனாலும் ஒரே அறையில் நடக்கும் காட்சிகளையெல்லாம் மொத்தமாக ஒரே மூச்சில் எடுத்துவிடுவார்கள். கதையின் தொடக்கத்தில் சிரித்தபடி உள்ளே வரும் ஷாட்டும், முடிவில் அதே அறையில் அழுது விழும் ஷாட்டும் அடுத்தடுத்து எடுக்கப்படும். நடுவில் உடை மாற்றும் நேரம்தான் இடைவெளி. மேடையில் உணர்ச்சி படிப்படியாக ஏறும். இங்கே நடிகை நடுப்படியிலிருந்து நேராக மேற்படிக்குத் தாவ வேண்டும். கிரிஃபித் இரண்டு இடங்களுக்கிடையே மாறி மாறி வெட்டத் தொடங்கிய பிறகு இந்தச் சிரமம் இன்னும் கூடியது. ஒரே பதற்றத்தை எட்டுத் துண்டாக எடுத்தாலும் எட்டும் ஒரே அளவில் இருக்க வேண்டும். லாரன்ஸின் பலம் இங்கேதான் இருக்கிறது என்பது என் உறுதியான கருத்து.

எடுத்துக்காட்டுக்கு 1908இல் வந்த 'பிட்ரேய்ட் பை எ ஹேண்ட்பிரிண்ட்'. சீட்டாட்டத்தில் பணம் தோற்ற ஒரு விருந்தாளிப் பெண், அந்த வீட்டுக்காரியின் வைர நெக்லஸைத் திருடுகிறாள். தன் அறை ஜன்னல் வழியே வெளியேறி, சுவர் விளிம்பில் ஒட்டிக்கொண்டே நகர்ந்து, அடுத்த அறைக்குள் நுழைகிறாள். நகையைச் சோப்புக் கட்டிக்குள் மறைக்கிறாள். இதில் லாரன்ஸின் கைகளைக் கவனியுங்கள். மேடைத் திருடி என்றால் கையை நெஞ்சில் வைத்து, பார்வையாளர் பக்கம் திரும்பி, குற்ற உணர்வைக் காட்டுவாள். இவர் அப்படிச் செய்வதைவிட வேலையைச் செய்கிறார்: சோப்பைக் கையில் எடுப்பது, வெட்டுவது, ஒட்டுவது. அகப்பட்டுக்கொள்வாளோ என்ற பயம் பார்ப்பவருக்கு அந்த வேலையிலிருந்தே வந்துவிடுகிறது.

அதே ஆண்டின் 'தி டேமிங் ஆஃப் தி ஷ்ரூ' முற்றிலும் வேறு வகை. ஷேக்ஸ்பியர் நாடகம் ஒரே ரீலில். ஆர்தர் ஜான்சன் பெட்ரூக்கியோ, லாரன்ஸ் காத்தரீனா. வசனம் கிடையாது, அதனால் அடங்காத பெண் என்பதை உடம்பு மட்டும்தான் சொல்ல வேண்டும். இங்கே அவர் பெரிதாகத்தான் நடிக்கிறார், ஆனால் அந்த ஆர்ப்பாட்டம் ஒரு திட்டத்தோடு வருகிறது. முதல் பாதியில் சட்டகத்தின் அகலம் முழுவதையும் தனதாக்கிக்கொண்டு, மற்றவர்களை ஓரத்துக்குத் தள்ளுகிறார். திருமணத்துக்குப் பிறகு அந்த இடமே அவருக்குச் சுருங்கிவிடுகிறது. இதை ஒரு தடவை கவனித்துவிட்டால் பிறகு பார்க்காமல் இருக்க முடியாது.

1909 மே மாதத்து 'ரெசரக்‌ஷன்' டால்ஸ்டாயின் பெரிய நாவலை ஒரே ரீலில் அடைத்தது. பணிப்பெண், மதுக்கடையில் சீரழிந்த பெண், சிறைக்கைதி, சைபீரியப் பனியில் நடக்கும் குற்றவாளி எனக் கத்யூஷா நான்கு நிலைகளைக் கடக்கிறாள். இடையே வருடங்கள் ஓடுவதைச் சொல்ல டைட்டில் கார்டை, அதாவது நடுவே காட்டும் எழுத்து அட்டையை, தவிர வேறு வழியில்லை. லாரன்ஸ் தோளையும் கழுத்தையும் வைத்தே காலத்தைக் காட்டுகிறார். முதலில் நிமிர்ந்து லேசாக நகரும் உடம்பு, மதுக்கடையில் இடுப்பில் கனம் இறங்கி ஆடுகிறது, சிறையில் சுருண்டுபோகிறது. கைகளை வானத்துக்குத் தூக்கும் பழைய மேடைச் சைகைகளும் இதே படத்தில் இருக்கின்றன. அதைப் பார்த்துச் சிரித்துக் கடந்துவிட வேண்டாம். முகம் தெரியாத தூரத்தில், வசனமில்லாமல், ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் ஏதோ ஒரு நெரிசலான ஐந்து சென்ட் கொட்டகையில் கடைசி வரிசைக்காரருக்கும் விளங்க வேண்டிய நடிப்பு அது. அடங்கிய நடிப்பும் உரத்த நடிப்பும் ஒரே படத்துக்குள் கைமாறிக்கொண்டிருந்த ஆண்டு 1909. அந்த மாற்றத்தை ஒரே நடிகையின் உடம்பில் பார்க்கலாம் என்பதே இந்தப் படத்தின் மதிப்பு.

நகைச்சுவையில் அவருக்குக் கூச்சமே இல்லை. ஜான் கம்ப்சனோடு சேர்ந்து ஜோன்ஸ் தம்பதியாக நடித்த தொடர் படங்கள் அந்த நாளில் நல்ல ஓட்டம் ஓடின. 'மிஸஸ் ஜோன்ஸ் என்டர்டெய்ன்ஸ்' அதில் ஒன்று. 'லேடி ஹெலன்ஸ் எஸ்கபேட்' படத்தில் சலித்துப்போன பணக்காரி ஒருத்தி விளையாட்டுக்கு வேலைக்காரியாகப் போகிறாள். பணக்காரியாகவும், வேலைக்காரி வேஷம் போடும் பணக்காரியாகவும் ஒரே நேரத்தில் நடிக்க வேண்டிய பாத்திரம். கிரிஃபித் கண்டெடுத்த சோக நாயகிகளை மட்டுமே பேசிப் பழகியவர்கள் இந்தப் படங்களைத் தவறவிடுகிறார்கள். அது பெரிய நஷ்டம்.

இத்தனை படங்களிலும் அவர் பெயர் எங்கேயும் கிடையாது. நடிகர் பெயர் தெரிந்தால் சம்பளம் கேட்பார் என்ற கணக்கு அதற்கு ஒரு காரணம். மேடை நடிகர்களுக்குச் சினிமாவில் காணப்படுவது கௌரவக் குறைவு என்பது இன்னொன்று. ஆனால் அடிப்படைக் காரணம் வியாபார முறை. படத்தை அடிக்கணக்கில்தான் விற்றார்கள். கொட்டகைக்காரர் கேட்டது 'இந்த வாரம் பயோகிராஃப் இருக்கிறதா' என்பதைத்தான். நிறுவனத்தின் முத்திரைதான் சரக்கு. 1908 டிசம்பரில் எடிசன், பயோகிராஃப், வைட்டாகிராஃப் உள்ளிட்ட பெரிய நிறுவனங்கள் காப்புரிமைகளை ஒன்றாக்கிக் கூட்டமைப்பு அமைத்தன. கொட்டகைக்காரர் வாரம் 2 டாலர் உரிமக் கட்டணம் கட்டினால்தான் அவர்கள் படம் கிடைக்கும். ஈஸ்ட்மேன் பிலிமும் அவர்களுக்குத்தான். முத்திரைக்கு இவ்வளவு பலம் இருக்கும்போது முகத்துக்குப் பெயர் எதற்கு?

ஆனால் கொட்டகைக்கு வருகிறவர்கள் முத்திரையைப் பார்க்க வரவில்லை. வாரம் இரண்டு தடவை அதே முகத்தைப் பார்த்தவர்கள் அவரை 'பயோகிராஃப் பெண்' என்று தாங்களாகவே அழைக்கத் தொடங்கினார்கள். 1909இல் அவரும், 1908 ஆகஸ்டில் அவரை மணந்த நடிகர் ஹாரி சால்டரும் நல்ல சம்பளம் தேடி எஸ்ஸனே நிறுவனத்துக்குக் கடிதம் எழுதினார்கள். எஸ்ஸனே அதே கூட்டமைப்பின் உறுப்பினர். கடிதம் பயோகிராஃபுக்குத் தெரிவிக்கப்பட்டது, இருவருக்கும் வேலை போனது.

அப்போதுதான் கார்ல் லெம்லி வருகிறார். படம் வாடகைக்கு விடும் தொழிலில் இருந்தவர், 1909இல் கூட்டமைப்பை விட்டு வெளியேறி ஐஎம்பி என்ற சொந்த நிறுவனம் தொடங்கியிருந்தார். ஈஸ்ட்மேன் பிலிம் கிடைக்காததால் பிரான்சிலிருந்து லூமியேர் பிலிம் வாங்கிப் படம் எடுக்க வேண்டிய நிலை. அவருடைய முத்திரைக்கு மதிப்பு இல்லை. முத்திரை இல்லாதவருக்கு முகம் தேவைப்பட்டது. லாரன்ஸை எடுத்துக்கொண்டார்.

இனி பொய்ச்செய்தி விவகாரம். வழக்கமாகச் சொல்லப்படும் கதை இது: லாரன்ஸ் டிராம் மோதிச் செத்துவிட்டதாக லெம்லியே ரகசியமாகச் செய்தி பரப்பினார், நாடே அழுதது, பிறகு உயிரோடு கொண்டுவந்து நிறுத்தினார். உறுதியாக நம் கையில் இருப்பது 1910 மார்ச் மாதம் தொழில் பத்திரிகையில் வந்த 'பொய்யை ஆணியடிக்கிறோம்' (அம்பலப்படுத்துகிறோம் என்று பொருள்) என்ற விளம்பரம். அதில் அவர் படம் இருக்கிறது. செயின்ட் லூயிஸ் நகர மக்களிடம் எதிரிகள் பரப்பிய பொய் இது, அவர் நலமாக இருக்கிறார் என்கிறது வாசகம். அடுத்து வரும் 'தி ப்ரோக்கன் ஓத்' படத்தையும் அறிவிக்கிறது, ஆனால் அச்சுப்பிழையால் 'ஓத்' (சத்தியம்) என்பது 'பாத்' (குளியல்) ஆகிவிட்டது. அவசரமாக அச்சுக்குப் போன விளம்பரம் என்பதற்கு அது ஒன்றே போதும். மாதக் கடைசியில் லாரன்ஸும் கதாநாயகன் கிங் பேகட்டும் செயின்ட் லூயிஸுக்கு ரயிலில் போனார்கள். நிலையத்தில் கூட்டம் அலைமோதியது. பேகட் அந்த ஊர்க்காரர் என்பதைப் பலரும் சொல்ல மறந்துவிடுகிறார்கள்.

அந்த விளம்பரத்தில் கவனிக்க வேண்டியவை இரண்டு. ஒன்று, அது ரசிகர்களுக்காக எழுதியது இல்லை. தொழில் பத்திரிகையை வாங்கிப் படித்தவர்கள் கொட்டகைக்காரர்கள். 'நீங்கள் தேடும் முகம் இப்போது எங்களிடம்' என்று அவர்களிடம் சொல்லும் வியாபாரக் கடிதம் அது. இரண்டு, முன்பு 'பயோகிராஃப் பெண்' என்று அறியப்பட்டவர் என்ற அறிமுகம் அதிலேயே இருக்கிறது. அப்படிச் சொன்னால் வாசிப்பவருக்கு உடனே புரியும் என்று லெம்லி நம்பினார். அதாவது புகழ் ஏற்கனவே சம்பாதித்தாகிவிட்டது. 14ஆம் தெரு நடனக்கூடத்தில், பச்சை வெளிச்சத்தில், பெயரில்லாமல் சம்பாதித்தது அது. லெம்லி அதன்மேல் பெயர்ச்சீட்டு ஒட்டினார். நட்சத்திரத்தைத் தயாரிப்பாளர் உருவாக்கினார் என்று சொல்வது நடிகையின் உழைப்பை விளம்பரக்காரரின் கணக்கில் எழுதுவதாகும்.

'முதல்' என்ற பட்டத்துக்கு வருவோம். கேலம் நிறுவனம் 1910 ஜனவரியிலேயே தன் நடிகர்களின் படத்தைப் பெயரோடு தொழில் பத்திரிகையில் வெளியிட்டது. வைட்டாகிராஃப் அதே வசந்தத்தில் தன் நாயகி ஃப்ளாரன்ஸ் டர்னரைக் கொட்டகை மேடைகளில் நிறுத்தியது. பிரான்சில் நகைச்சுவை நடிகர் மாக்ஸ் லிண்டர் ஏற்கனவே தெரிந்த பெயர். டென்மார்க்கில் நடிகை அஸ்டா நீல்சன் 1910 செப்டம்பரில் ஒரே படத்தில் ஐரோப்பா முழுதும் புகழ்பெற்றார். சில மாத இடைவெளியில் பல இடங்களில் ஒரே திருப்பம் நடந்தது. லாரன்ஸ் அதில் முன்வரிசை. பயோகிராஃப் மட்டும் 1913 வரை பிடிவாதமாகப் பெயரை மறைத்தது. பெயர் கேட்டுத் தொல்லை தாங்காத பிரிட்டன் விநியோகஸ்தர்கள் பயோகிராஃப் நடிகர்களுக்குக் கற்பனைப் பெயர் சூட்டும் நிலை வந்தது. நடிகை பிளான்ச் ஸ்வீட் அங்கே டாஃப்னி வேன் ஆனார்.

ஐஎம்பிக்குப் பிறகு 1911இல் ஃபிலடெல்ஃபியாவின் லூபின் நிறுவனம், மீண்டும் ஆர்தர் ஜான்சனோடு. 1912இல் சால்டரோடு சேர்ந்து விக்டர் என்ற சொந்த நிறுவனம், நியூ ஜெர்சியின் ஃபோர்ட் லீயில் ஸ்டுடியோ. தன் புகழை வைத்துத் தனக்கென ஒரு நிறுவனம் நடத்திய மிக ஆரம்பகாலத் திரைநடிகைகளில் அவர் ஒருவர். வாரம் 500 டாலர் சம்பளம். எடிசனின் 5 டாலர் தினக்கூலியிலிருந்து ஐந்தாறு வருடத்தில் அங்கே வந்து சேர்ந்திருந்தார். விக்டர் காலத்தின் கடைசியில் ஒரு தீக்காட்சி கட்டுக்கடங்காமல் போனது. தீக்காயத்தோடு விழுந்து முதுகெலும்பில் அடிபட்டார். 1916இல் திரும்பி வர முயன்றார், உடல் தாங்கவில்லை. அதற்குள் படங்கள் ஐந்தாறு ரீல் நீளத்துக்கு வளர்ந்துவிட்டன, புதிய முகங்கள் வந்துவிட்டன. ஒரு ரீல் காலத்தில் உச்சத்தில் இருந்தவருக்கு நீளப்பட யுகம் தொடங்கும் நேரத்தில் படுக்கை. அவருடைய வீழ்ச்சிக்கு மனோபாவம், கணவர், தயாரிப்பாளர் என்று பல காரணம் எழுதப்பட்டிருக்கிறது. அந்த இரண்டு வருட இடைவெளிதான் பெரிய காரணம் என்று நினைக்கிறேன்.

கார்ப் பிரியர் அவர். 1914 வாக்கில் தன் காருக்கு இரண்டு அமைப்புகளைச் செய்து பொருத்தினார். பட்டனை அழுத்தினால் பின்பக்க மட்கார்டில் ஒரு கைகாட்டி எழுந்து எந்தப் பக்கம் திரும்பப் போகிறது என்று காட்டும். பிரேக்கை மிதித்தால் பின்னால் 'நில்' என்ற பலகை மேலெழும். இரண்டுக்கும் காப்புரிமை வாங்கவில்லை. இன்டிகேட்டரைக் கண்டுபிடித்தவர் என்று இணையத்தில் சுற்றும் செய்தியின் அடிப்படை இதுதான். இன்றைய மின்விளக்கு இன்டிகேட்டர் இதிலிருந்து நேராக வளர்ந்தது இல்லை. மின்சாரத்தில் ஓடும் கண்ணாடித் துடைப்பானுக்கு 1917இல் காப்புரிமை பெற்றவர் அவருடைய அம்மா; அதையும் மகள் கணக்கில் எழுதிவிடுகிறார்கள்.

1936இலிருந்து எம்ஜிஎம் ஸ்டுடியோ பழைய மௌனப்பட நடிகர்கள் சிலருக்கு வாரச் சம்பளத்தில் சில்லறை வேடம் கொடுத்தது. லாரன்ஸும் அதில் இருந்தார், கூட்டத்தில் ஒருவராக, மறுபடி பெயரில்லாமல். தீராத எலும்பு நோயும் மனச்சோர்வும் சேர்ந்து 1938 டிசம்பர் 28 அன்று தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். ஹாலிவுட்டில் அவர் கல்லறைக்கு 1991 வரை பெயர்ப்பலகை கிடையாது. நடிகர் ராடி மெக்டவல் செலவில் வைத்த பலகையில் பிறந்த ஆண்டு 1890 என்றிருக்கிறது. அந்தத் தவறான ஆண்டு பல கட்டுரைகளிலும் வருகிறது.

படங்கள் என்ன ஆயின? லூபினின் நெகட்டிவ்கள் 1914 ஜூனில் ஃபிலடெல்ஃபியா கிடங்கு வெடித்ததில் போயின. ஐஎம்பி, விக்டர் இரண்டும் பின்னால் யூனிவர்சலுக்குள் அடங்கின. யூனிவர்சல் தன்னிடம் மிஞ்சியிருந்த மௌனப்பட நெகட்டிவ்களை 1948இல் அழித்தது. அந்தக் காலகட்டத்திலிருந்து மிகச் சில படங்களும் துண்டுகளும்தான் மிச்சம்.

பயோகிராஃப் பிழைத்தது ஒரு சட்ட ஓட்டையால். 1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் சினிமா என்ற இனமே கிடையாது, புகைப்படம் மட்டும்தான் உண்டு. அதனால் நிறுவனங்கள் படத்தின் ஒவ்வொரு பிரேமையும் நீளமான காகிதச் சுருளில் அச்சிட்டு, புகைப்படம் என்று அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தில் பதிந்தன. எளிதில் தீப்பற்றும் அன்றைய நைட்ரேட் பிலிம் எரிந்தும் உருகியும் போனது, காகிதம் அப்படியே கிடந்தது. 3,000க்கும் மேற்பட்ட தலைப்புகள். 1950களில் பழைய படங்களை மீட்கும் பணி செய்த கெம்ப் நைவர் அவற்றை பிரேம் பிரேமாக 16 மி.மீ. பிலிமுக்கு மாற்றினார். இது தவிர, நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் 1939இல் பயோகிராஃபின் அசல் நெகட்டிவ்களைக் காப்பாற்றி வைத்தது. எனவே ஒரே படத்துக்கு இரண்டு வழியில் வந்த பிரதிகள் கிடைக்கலாம், தரம் மலைக்கும் மடுவுக்கும்.

பார்க்க உட்காரும்போது வரும் குழப்பங்களும் இங்கிருந்துதான். காகிதத்தின்மேல் ஒளி பட்டுத் திரும்புவதைப் படமெடுத்ததால் முகத்தின் நுண்மை போய்விடும். வெள்ளை வெளிறும், நிழல் அடைக்கும். காகிதம் சுருங்கியதால் படம் நடுங்கும். பயோகிராஃப் கேமரா துளையில்லாத பிலிமை உள்ளே வாங்கி, படம் பிடிக்கும்போதே துளையிடும் வகை. பிரேமுக்குப் பிரேம் இடைவெளி சீராக இருக்காது, அதனாலும் குதிக்கும். இவை நடிகையின் குறைகள் இல்லை. முகபாவமே இல்லை என்று தோன்றினால், அதே படத்துக்கு நெகட்டிவ் வழி வந்த பிரதி இருக்கிறதா என்று தேடுங்கள்.

கதை தலைகால் புரியாமல் போனால் அதற்கும் காரணம் உண்டு. முன்னே சொன்னபடி ஒரே இடத்துக் காட்சிகளை மொத்தமாக எடுத்தார்கள். நெகட்டிவையும் அந்த வரிசையிலேயே வைத்திருந்தார்கள், பிரிண்ட் போடும்போதுதான் வெட்டி வரிசைப்படுத்தினார்கள். டைட்டில் கார்டும் அதில் இருக்காது. சரியாக வரிசைப்படுத்தாத பிரதியில் அழுதுகொண்டிருப்பவர் காரணமில்லாமல் சிரிப்பார், மறுபடி அழுவார். அப்படி ஒரு பிரதி கிடைத்தால் அதை வீசிவிட வேண்டாம். அன்று தளத்தில் அவர் எந்த வரிசையில் நடித்தாரோ அந்த வரிசை அது. உணர்ச்சியின் உயரத்தை எப்படித் தாவித் தாவிப் பிடித்தார் என்பதற்கு அதைவிட நல்ல சான்று கிடையாது.

வேகத்தை ஒரு கணக்கில் சரிபார்க்கலாம். 1,000 அடி ரீலில் 16,000 பிரேம். நொடிக்கு 16 வேகத்தில் ஓடினால் 16 நிமிடம் 40 நொடி. 24 வேகத்தில் ஓட்டினால் 11 நிமிடத்தில் முடிந்துவிடும். முழு ரீல் படம் ஒன்று 11 நிமிடமே இருந்தால், அது மூன்றில் ஒரு பங்கு நேரத்தை விழுங்கிய பிரதி. நடிப்பு கோமாளித்தனமாகத் தெரியும். வீடியோவின் ஓடும் வேகத்தை 0.75 ஆக்குங்கள், 18க்கு வந்துவிடும். 'ரெசரக்‌ஷ'னில் மேடைத்தனம் என்று தோன்றும் பாதி அசைவுகள் அப்போது அடங்கிவிடும்.

அடையாளம் காண்பதற்கு முதல் சல்லடை தேதி. 1908 ஜூலைக்கு முந்தைய பயோகிராஃபிலும் 1909 இறுதிக்குப் பிந்தைய பயோகிராஃபிலும் அவரைத் தேட வேண்டாம். 'பயோகிராஃப் பெண்' என்ற பட்டம் அவர் போன பிறகு நடிகை மேரி பிக்ஃபோர்டுக்குப் போனது. அதனால் 1910, 1911 படங்களுக்குக் கீழே அவர் பெயரைப் போட்டிருப்பார்கள், நம்ப வேண்டாம். பிக்ஃபோர்ட் 1909 வசந்தத்தில் சேர்ந்தவர், சில மாதங்கள் இருவரும் ஒரே ஸ்டுடியோவில் இருந்தார்கள்; அந்தக் காலத்துப் படங்களில்தான் கவனம் தேவை. பிக்ஃபோர்ட் சிறிய உருவம், குழந்தை முகம். அங்கே இருந்த இன்னொரு நடிகை மேரியன் லியோனார்டுக்குக் கம்பீரமான நிற்பு. லாரன்ஸுக்கு அகன்ற கன்னம், உறுதியான தாடை, பெரிய வாய், சிரித்தால் முகம் முழுக்கச் சிரிக்கும். முடியின் நிறத்தை வைத்து முடிவு செய்யாதீர்கள். அந்த பிலிம் அதில் பொய் சொல்லும், போதாததற்கு விக் வேறு. வைட்டாகிராஃபின் ஃப்ளாரன்ஸ் டர்னரோடு பெயர்க் குழப்பம் வந்தால் காட்சியின் சுவரைப் பாருங்கள். திருட்டுப் பிரதி எடுப்பதைத் தடுக்க பயோகிராஃப் தன் 'ஏபி' முத்திரையை வட்டத்துக்குள் எழுதி அரங்கத்திலேயே ஆணியடித்து வைத்தது. வரவேற்பறைச் சுவர், குடிசைக் கதவோரம் என்று எங்காவது இருக்கும். முத்திரை தெரிந்தால் அது வைட்டாகிராஃப் படம் இல்லை.

தொடங்குவதற்கு 'பிட்ரேய்ட் பை எ ஹேண்ட்பிரிண்ட்', அடுத்து ஜோன்ஸ் படம் ஒன்று, பிறகு 'ரெசரக்‌ஷன்' என்ற வரிசை நல்லது. நேரம் இருந்தால் 1909 கோடையில் வெளிப்புறத்தில் எடுத்த 'தி மெண்டட் லூட்'. ஆற்றில் படகுத் துரத்தல் அதில் இருக்கிறது, குதிரையேறத் தெரிந்ததற்காக முதல் வாய்ப்புப் பெற்றவர் திறந்தவெளியில் எவ்வளவு சுலபமாக நகர்கிறார் என்று தெரியும். ஒவ்வொன்றையும் இரண்டு தடவை பாருங்கள்: முதல் தடவை கதைக்கு, இரண்டாம் தடவை அவர் சட்டகத்துக்குள் நுழையும் நொடியிலிருந்து வெளியேறும் நொடி வரை அவரை மட்டும்.